கதையின் தலைவாயில்

நம் கல்லூரி மலருக்கு ஆண்டுதோறும் வரும் சிறுகதைகளைப் படித்துத் தெரிந்தெடுக்கும் பொறுப்பு எமக்கு வாய்த்துள்ளது. அவற்றுள் பல, கதிரவன் உதயத்திலோ தண்மதியின் ஒளியிலோ தொடங்கக் காண்கிறோம். இரண்டு பக்கங்கள் கழிந்த பின்னரே மனிதர் எவரேனும் தலைகாட்டுகின்றனர். ஆகவே, கதை தொடங்கும் முறையை இளைஞர்க்குக் கற்பிப்பது எங்ஙனம் என்பதை ஈண்டுச் சிறிது ஆராய்வாம்.

பாயிரம் இல்லாதது நூலாகாது என்பது பவணந்தியார் துணிபு. சிலப்பதிகாரமும் திங்களையும் ஞாயிற்றையும் மாமழையையும் போற்றியே தொடங்குகின்றது. பெருங்காப்பியமாகிய மாளிகைக்கு அகன்ற முற்றம் அழகே. சிறுகதையோ ஓரறை வீடு. மனை முழுவதும் முற்றமாயின் குடியிருப்பது எங்கே?

புதுமைப்பித்தன் 1943இல் எழுதிய ‘கடவுளும் கந்தசாமிப் பிள்ளையும்’ என்னும் கதையை நோக்குக. பிராட்வேயும் எஸ்பிளனேடும் கூடும் சந்தியில் ஒருவர் நிற்கிறார். டிராமில் போனால் வெற்றிலைக்குக் காசு மிஞ்சுமா, பஸ்ஸில் போனால் காப்பி குடிக்கலாமா என்று கணக்குப் பார்க்கிறார். அவ்வளவே. எனினும் ஆள், இடம், கையிருப்பு, மனப்போக்கு ஆகிய நான்கும் நமக்கு விளங்கிவிடுகின்றன. பிள்ளையவர்களை இங்ஙனம் நம்பிவிட்டமையால், பின்னர்க் கடவுளே எதிரில் வந்து நிற்பினும் நாம் ஐயுறுவதில்லை.

இனி, எமது பிழையொன்றையும் கூறல் கடன். ஒருமுறை, வைகறை வருணனையோடு தொடங்கிய கதை ஒன்றை முதற்பக்கத்தோடு ஒதுக்கிவிட்டோம். தற்செயலாக மூன்றாம் பக்கம் கண்ணிற்பட்டது. மகனுடைய பரீட்சைக் கட்டணத்திற்காகத் தாயொருத்தி பித்தளைக் குடத்தை அடகுக் கடைக்குக் கொண்டு செல்கிறாள். தெருவில் எவரேனும் கேட்பாரோ என்று அஞ்சி, அதில் நீர் நிரப்பி இடுப்பில் வைத்துக்கொண்டு நடக்கிறாள். எழுதிய மாணவரை அழைத்து, “இதனை ஏன் முதலில் வைக்கவில்லை?” என்றோம். “வெட்கமாக இருந்தது, ஐயா” என்றார் அவர். அன்று தெளிந்தோம்: வருணனை பலகாலும் அணியன்று, ஒளிவிடம். உண்மையைச் சொல்லக் கூசும் இளைஞர் அதன் பின்னே மறைகின்றனர். ஆதலின் ஆசிரியர் முதற்கண் அளிக்கவேண்டுவது துணிவே. உத்தி அதன் பின்னரே.

வகுப்பில் கைக்கொள்ளத்தக்க பயிற்சி ஒன்று உண்டு. ஒரே நிகழ்ச்சிக்கு மூன்று தொடக்கங்களை எழுதச் செய்க. ஒவ்வொன்றிலும் நான்கு வரிகளை உரக்கப் படித்து நிறுத்தி, “இனி அறிய விரும்புவது யாது?” என்று ஏனைய மாணவரைக் கேட்க. வினா எழாத தொடக்கம் உயிரற்றது. கதை முடிந்தபின் முதற்பத்தியை விரலால் மறைத்துப் படித்துப் பார்ப்பதும் நன்று. குறையொன்றும் தோன்றாதாயின் அப்பத்தி வேண்டுவதன்று.

திடுக்கிடச் செய்வதே நல்ல தொடக்கம் என்று கருதுவதும் தவறு. முதல் வரியில் கொலையைக் காட்டி, இறுதியில் அது கனவென முடிப்பது வாசகரை வஞ்சிப்பதாகும். தொடக்கம் ஒரு வாக்குறுதி. கதை முழுவதும் அதனை நிறைவேற்றல் வேண்டும்.

அம்மாணவர் வைகறையை நீக்கித் தம் கதையைக் குடத்திலிருந்து தொடங்கினார். அவ்வாண்டு மலரில் முதலில் அச்சேறியது அதுவே.