நெல்லையில எரிமலை வருமா? - சித்தியோட நாலு சென்ட் மனையும் 'அமாக்மாட்டிக்' என்கிற சொல்லும்!

"ஏட்டி, நீ பத்திரிகையிலதான வேல பாக்க? இது நெசமான்னு கேட்டுச் சொல்லு."

போன வாரம் ராத்திரி பத்தரை மணிக்குச் சித்தியிடமிருந்து வந்த வாய்ஸ் நோட் இது. கூடவே ஒரு வாட்ஸ்அப் ஃபார்வர்ட். 'திருநெல்வேலிக்கு அடியில் எரிமலை தயாராகிறது, 1998-லேயே எச்சரிக்கை கொடுத்துவிட்டது, அரசாங்கம் மறைக்கிறது' என்று பத்து ஆச்சரியக்குறிகளோடு ஒரு தகவல். சித்தியும் சித்தப்பாவும் அபிஷேகப்பட்டி பக்கம் நாலு சென்ட் மனைக்கு அட்வான்ஸ் கொடுத்திருக்கிறார்கள். இந்த மாசக் கடைசியில் மீதிப் பணத்தைக் கட்டிப் பத்திரம் போட வேண்டும். சித்தப்பா வேலையில் சேர்ந்த நாளிலிருந்து சேர்த்த பணம். ஃபார்வர்டைப் பார்த்ததும் மனுஷர் தூக்கம் போய் உட்கார்ந்துவிட்டார்.

வழக்கமா இந்த மாதிரி ஃபார்வர்டை 'பொய்' என்று ஒரு வார்த்தையில் தட்டிவிடுவேன். ஆனா இதை அப்படித் தள்ள முடியல. காரணம், 1998-ல் அபிஷேகப்பட்டியில் நிஜமாகவே ஒண்ணு நடந்தது.

அந்த வருஷம் ஆகஸ்ட் மாசம், மின்கம்பத்துக்குப் பக்கத்தில் தரையிலிருந்து உருகிய குழம்பு மாதிரி ஒன்று வெளியே வந்தது. ஆறினதும் கறுப்புக் கண்ணாடி போல இறுகிக் கிடந்தது. நாளிதழ்களில் செய்தி வந்தது, புவியியல் ஆட்கள் வந்து பார்த்தார்கள், மாதிரி எடுத்துக்கொண்டு போனார்கள். அடுத்தடுத்த வருஷங்களிலும் மாவட்டத்தில் வேறு சில இடங்களில் இதே மாதிரி நடந்ததாகச் செய்தி வந்தது. எனக்கு அப்போ ஒரு வயசுகூட ஆகலை. ஆனா எங்க ஆச்சி இன்னிக்கும் 'பூமாதேவி வாயத் தொறந்த வருசம்' என்றுதான் அதைச் சொல்வாள்.

ஆக, சித்திக்குப் பதில் சொல்ல நான் கொஞ்சம் படிக்க வேண்டியிருந்தது. படிக்கும்போது மாட்டிய சொல்தான் 'அமாக்மாட்டிக்'.

ஒரு 'அ' செய்கிற வேலை

பூமிக்கு அடியில் உருகிக் கிடக்கிற பாறைக் குழம்புக்கு மாக்மா என்று பேர். அதுவே மேலே வந்து வழிந்தால் லாவா. மாக்மா சம்பந்தப்பட்டது மாக்மாட்டிக். முன்னால் ஒரு 'அ' போட்டால் மாக்மா இல்லாதது. இந்த 'அ' கிரேக்கத்திலிருந்து வந்தது. நியாயம் - அநியாயம், சுத்தம் - அசுத்தம் என்று நாம் தினமும் சொல்கிறோமே, வடமொழியிலிருந்து வந்த அந்த 'அ'வும் இதுவும் ஒரே குடும்பத்து உறவுக்காரர்கள். அதனால் தமிழ்க் காதுக்கு இந்தச் சொல் அவ்வளவு அந்நியமில்லை. தமிழில் 'மாக்மாவற்ற' என்று எழுதலாம்.

இதோடு சேர்த்துக் குழப்பிக்கொள்கிற இன்னொரு சொல் 'நான்-வால்கானிக்', அதாவது எரிமலையற்ற. ரெண்டும் ஒண்ணுதானே என்று நானும் நினைத்தேன். இல்லை. அடியில் மாக்மா இருந்தும் மேலே எரிமலை இல்லாமல் போகலாம். வெளியே வர வழியில்லாமல் உள்ளேயே மெதுவாக ஆறி இறுகின மாக்மாதான் கிரானைட். உங்க வீட்டு கிச்சன் மேடையில் பதித்திருக்கிற கல் நிஜமான கிரானைட் என்றால், அது எரிமலையாகாமலே போன மாக்மா. (கடையில் கிரானைட் என்று சொல்லி விற்கிற எல்லாக் கல்லும் கிரானைட் இல்லை, அது வேற கதை.) எரிமலை இல்லாத இடத்தையெல்லாம் மாக்மா இல்லாத இடம் என்று சொல்லிவிடக் கூடாது என்பது இதனால்தான்.

'அணைந்த எரிமலை', 'உறங்கும் எரிமலை' என்கிற சொற்களும் இதற்குப் பொருந்தாது. அணைந்தது என்றால் ஒரு காலத்தில் எரிந்தது என்று அர்த்தம். உறங்குவது என்றால் எழுந்திருக்கலாம் என்று அர்த்தம். அமாக்மாட்டிக் என்பது, அங்கே அந்த நேரத்தில் அடுப்பே பற்றவைக்கப்படவில்லை என்பதைச் சொல்கிற சொல்.

புவியியல்காரர்கள் இதை அதிகமாகப் பயன்படுத்துவது பிளவுகளைப் பற்றிப் பேசும்போது. பூமியின் ஓடு ரெண்டாகப் பிளந்தால் நடுவில் மாக்மா பொங்கி வரும் என்பதுதான் வழக்கமான கணக்கு. ஆனா நம்ம இந்தியப் பெருங்கடலின் தென்மேற்கில், ஆப்பிரிக்காவுக்கும் அண்டார்ட்டிகாவுக்கும் நடுவே ஓடுகிற கடலடி மேட்டில் சில பகுதிகள் ரொம்ப ரொம்ப மெதுவாகப் பிளக்கின்றன. அங்கே போதுமான குழம்பு ஊறுவதில்லை. பூமியின் உள்பாறையே நேரடியாகக் கடல் தரைக்கு வந்து நிற்கிறது. அதைத்தான் அமாக்மாட்டிக் பிளவு என்கிறார்கள்.

சில சமயம் இந்த 'இல்லை' என்கிற சொல், ஆச்சரியத்தைப் பதிவு செய்யவும் உதவும். 2002-ல் ஜப்பானில் பூமிக்கடியில் ஆழத்திலிருந்து மெல்லிய, நீண்ட நடுக்கம் வருவதைக் கண்டுபிடித்தார்கள். அதுவரை அந்த மாதிரி நடுக்கம் எரிமலைகளுக்கு அடியில்தான் வரும் என்று பழகியிருந்தார்கள். எரிமலையே இல்லாத இடத்தில் வந்ததால் 'எரிமலையற்ற நடுக்கம்' என்று பேர் வைத்துவிட்டார்கள். தாத்தாவுக்குப் பட்டப்பேர் வைத்த கதைதான்.

பொதிகை எரிமலையா?

மேற்குத் தொடர்ச்சி மலையே எரிமலைக் குழம்பால் ஆனது என்று ஸ்கூலில் படித்த ஞாபகம் நிறைய பேருக்கு இருக்கும். அது பாதி உண்மை. மகாபலேஷ்வர் பக்கம் போனால் அப்படித்தான். சுமார் 6.6 கோடி வருஷத்துக்கு முன்னால் அடுக்கடுக்காக வழிந்த லாவா அங்கே மலையாக நிற்கிறது. தக்காண பீடபூமியில் சுமார் 5 லட்சம் சதுர கிலோமீட்டருக்கு அந்தப் பாறை இன்னும் கிடக்கிறது. ஆனா அந்தக் குழம்பு கர்நாடகத்தின் வட பகுதியோடு நின்றுபோனது. தமிழ்நாட்டை எட்டவே இல்லை.

1,868 மீட்டர் உயரத்தில் நிற்கிற நம்ம அகத்தியர் மலையின் கதை வேறு. அது, பழைய பாறை பூமியின் ஆழத்தில் வெந்து, அழுந்தி, உருமாறி, பிறகு மேலே வந்தது. சார்னோகைட், நைஸ், கோண்டலைட் என்று பேர்கள். இதில் சார்னோகைட்டுக்கு ஒரு சுவாரசியமான கதை உண்டு. கொல்கத்தாவைத் தோற்றுவித்தவர் என்று சொல்லப்படுகிற ஜாப் சார்னாக்கின் கல்லறைக்குக் கல் போனது நம்ம சென்னை பல்லாவரம் பக்கத்திலிருந்து. அந்தக் கல்லை ஆராய்ந்த தாமஸ் ஹாலண்ட், கல்லறைக்காரர் பேரையே கல்லுக்கு வைத்துவிட்டார். கல்லு நம்மது, பேரு அவருது!

நெல்லைப் பக்கத்துப் பாறைகள் கடைசியாகப் பெரிய அளவில் வெந்தது சுமார் 55 கோடி வருஷத்துக்கு முன்னால். 800 டிகிரிக்கும் மேலான சூடு. அப்போ சில இடங்களில் பாறை கொஞ்சம் உருகவும் செய்தது. பாறையில் வெள்ளையும் கறுப்புமாக நெளிநெளியாகக் கோடு ஓடுகிறதே, அதில் வெள்ளைக் கோடு பல இடங்களில் அந்த உருகலின் தடம். ஆகவே 'நெல்லையில் மாக்மாவே இருந்ததில்லை' என்று ஒரேயடியாகச் சொன்னால் அது தப்பு. ஒரு காலத்தில், ஆழத்தில், இருந்தது. இப்போ இல்லை. இந்தச் சொல்லை எங்கே பயன்படுத்தினாலும் 'எந்த இடத்தில், எந்தக் காலத்தில்' என்று சேர்த்தே சொல்ல வேண்டியிருக்கிறது.

இதற்குச் சாட்சி வேண்டுமென்றால் தாமிரபரணி மணலையே ஒரு கை அள்ளிப் பாருங்கள். குறுக்குத்துறையில் முருகன் கோயில் பாறையோரம் உட்கார்ந்து நான் பார்த்தேன். வெள்ளை மணலுக்கு நடுவே சின்னச் சின்னதாகச் சிவப்புப் பொடிகள். கார்னெட். லாவா வழிந்து ஆறுகிற இடத்தில் இது இப்படி விளையாது. ஆழத்தில், அழுத்தத்தில் விளைகிற மணி. உவரி பக்கக் கடற்கரை மணல் செக்கச்செவேலென்று இருப்பதில் இதற்கும் பங்கு உண்டு.

கரிசலையும் சொல்லிவிடுகிறேன், ஏன்னா கமென்ட்டில் யாராவது கண்டிப்பா கேட்பீங்க. 'கரிசல் மண் எரிமலை மண்தானே?' மகாராஷ்டிராவில் ஆமாம். அங்கே அது லாவாப் பாறை மக்கி வந்த மண். கோவில்பட்டிக் கரிசல் அப்படியில்லை. லாவா எட்டாத நம்ம பக்கத்தில் நைஸ் மாதிரியான பழைய பாறைகள்தான் வறண்ட வெயிலில் மக்கிக் கரிசலாகியிருக்கின்றன. நிறம் ஒண்ணு, பூர்விகம் வேற.

அப்போ 1998-ல் வந்தது என்ன?

எரிமலை வர மூணு வழிதான் முக்கியம். பூமியின் தட்டுகள் விலக வேண்டும், இல்லை ஒன்றன் கீழ் ஒன்று செருக வேண்டும், இல்லை ஆழத்திலிருந்து தனியாக ஒரு சூட்டுத் தூண் எழும்ப வேண்டும். அந்தமானில் தட்டு செருகுகிறது. அதனால்தான் அங்கே பேரன் தீவு இருக்கிறது, இந்தியாவில் இப்போ உயிரோடு இருக்கிற ஒரே எரிமலை அதுதான். தக்காணத்தை லாவாவால் மூடியதாகச் சொல்லப்படும் சூட்டுத் தூண் இப்போ ரீயூனியன் தீவுக்கு அடியில் இருக்கிறது. நெல்லை இந்தியத் தட்டின் உள்ளே, ஓரங்களிலிருந்து ரொம்பத் தள்ளி இருக்கிறது. இந்த மூன்றில் எதுவும் இங்கே இல்லை.

அபிஷேகப்பட்டிக் குழம்பைப் பற்றி ஆராய்ச்சியாளர்களிடையே ரெண்டு கட்சி இருந்தது. பூமியில் ஆழமாக ஓடும் வெடிப்பு வழியாக உருகல் வந்தது என்றது ஒன்று. உயர் அழுத்த மின்சாரம் தரையில் பாய்ந்து மண்ணையும் கல்லையும் அந்த இடத்திலேயே உருக்கிவிட்டது என்றது இன்னொன்று. எனக்கு ரெண்டாவதுதான் நியாயமாகப் படுகிறது. குழம்பு வந்தது மின்கம்பத்துக்குப் பக்கத்தில். அளவோ கொஞ்சம். பல கிலோமீட்டர் ஆழத்திலிருந்து வருகிற மாக்மா, கரெக்டாக ஒரு கரன்ட் கம்பத்தைத் தேடி வந்து, கொஞ்சமாக எட்டிப் பார்த்துவிட்டுத் திரும்பிப் போகுமா? மண்ணை உருக்க ஆயிரத்துச் சில்லறை டிகிரி போதும், மின்பொறியின் சூடு பல ஆயிரம் டிகிரி. மின்னல் விழுந்த மணலும் இப்படித்தான் கண்ணாடிக் குழலாக மாறும், உலகம் முழுக்க அருங்காட்சியகங்களில் வைத்திருக்கிறார்கள்.

சூடான நீர் ஊறினால்கூட அதற்கு எரிமலை தேவையில்லை. திருகோணமலை கன்னியாவில் ஏழு வெந்நீர்க் கிணறுகள் இருக்கின்றன. இராவணன் கதையோடு சேர்த்துச் சொல்லப்படும் இடம். இலங்கையில் எரிமலை கிடையாது. மழைநீர் வெடிப்புகள் வழியாக ஆழத்துக்கு இறங்கி, அங்கிருக்கிற இயல்பான சூட்டில் காய்ந்து மேலே வருகிறது, அவ்வளவுதான். ஒரு கிலோமீட்டர் இறங்கினால் சுமார் 25 டிகிரி கூடும் என்பது பொதுவான கணக்கு.

எரிமலை இல்லை என்பதால் நிலம் அசையவே அசையாது என்றும் அர்த்தமில்லை. 2024 செப்டம்பரில் அம்பாசமுத்திரம், விக்கிரமசிங்கபுரம் பக்கம் லேசாக நிலம் அதிர்ந்ததாக மக்கள் வீட்டை விட்டு வெளியே ஓடி வந்த செய்தி ஞாபகம் இருக்கலாம். பழைய பாறையிலும் பழைய வெடிப்புகள் உண்டு, அவை எப்போதாவது சிணுங்கும். அதை எரிமலையின் ஏப்பம் என்று ஃபார்வர்ட் செய்வதுதான் அபத்தம்.

இதையெல்லாம் சித்தியிடம் போனில் சொல்லி முடிக்க முக்கால் மணி நேரம் ஆச்சு. "சரிட்டி, அப்ப வாங்கலாம்ங்கியா?" என்றாள்.

எரிமலைக்காக வேண்டாம் என்று சொல்ல மாட்டேன், ஆனா தண்ணியைப் பார்த்துக்கோங்க என்றேன். 2023 டிசம்பரில் காயல்பட்டினத்தில் ஒரே நாளில் 95 சென்டிமீட்டர் மழை கொட்டி, தாமிரபரணி ஊருக்குள் வந்ததை நாம் எல்லோரும் பார்த்தோம். குறுக்குத்துறைக் கோயிலை வெள்ளம் மூழ்கடித்தது. நெல்லையில் மனை வாங்குகிறவர் பயப்பட வேண்டியது காலுக்குக் கீழே இருக்கிற மாக்மாவுக்கு இல்லை, மனைக்கு மேல்பக்கம் இருக்கிற குளத்துக்கு. அந்த நாலு சென்ட் ஓடைப் புறம்போக்கை ஒட்டி இருக்கிறதா, குளத்து மறுகால் தண்ணி எந்தப் பக்கம் போகிறது, 'அ' பதிவேட்டில் அந்த சர்வே நம்பருக்கு என்ன போட்டிருக்கிறது, புலப்படத்தில் வாய்க்கால் காட்டியிருக்கிறதா என்று ஒரு லிஸ்ட் அனுப்பினேன்.

சித்தப்பா வெள்ளிக்கிழமை வி.ஏ.ஓ ஆபீஸுக்குப் போனார். ஆள் இல்லையாம், திங்கட்கிழமை வரச் சொல்லியிருக்கிறார்கள். பக்கத்து மனைக்காரர் மட்டும், '2023-ல இந்த ரோடு வரைக்கும் தண்ணி நின்னுச்சு' என்று காலால் கோடு போட்டுக் காட்டியிருக்கிறார். கோடு மனைக்கு இருபதடி தள்ளி இருக்கிறது. சித்தப்பா அதை போட்டோ எடுத்து அனுப்பியிருக்கிறார்.