தோள் வலிக்கு ஒரு பெயரும் ஓர் எண்ணும்



வருசநாட்டு மலைகளில் பிறந்து வரும் மூலவைகையின் கரையோரம், மயிலாடும்பாறையில் வாழும் அறுபத்தைந்து வயதுத் தாய் ஒருவரை மனக்கண் முன் நிறுத்திக்கொள்வோம். இலவங்காய் பறிக்கும் பருவத்தில் மூட்டை சுமந்தவர் அவர். விறகுக் கட்டும் தண்ணீர்க் குடமும் சுமக்காத நாள் அவர் வாழ்வில் அரிது. ஒரு நாள் விடியற்காலையில் அவருடைய வலத்தோள் வீங்கி, நெருப்பாய் எரிகிறது. கையை உயர்த்தித் தலைமுடியை அள்ளி முடியவும் இயலவில்லை.

"வாயுப் பிடிப்பு" என்கின்றனர் அண்டை வீட்டார். மருந்துக் கடையில் வாங்கிய வலி மாத்திரை இரண்டு நாள் தாங்குகிறது. பின்னர் எங்கோ ஓரிடத்தில் இரத்தத்தில் யூரிக் அமிலம் சற்று மிகுந்திருப்பதைக் கண்டு, 'கௌட்' என்று சீட்டில் எழுதிவிடுகிறார்கள். அன்றிலிருந்து பருப்பும் மீனும் விலக்கப்படுகின்றன. யூரிக் அமிலத்தைக் குறைக்கும் மாத்திரை நாள் தவறாமல் விழுங்கப்படுகிறது. ஆயினும் வலி மீண்டும் மீண்டும் வருகிறது. ஏன்? நோய்க்கு இடப்பட்ட பெயரே தவறு என்றால், மருந்து எங்ஙனம் கேட்கும்?

இது கற்பனைத் தாயின் கதையே. ஆனால் இத்தகைய பிழை எந்த வீட்டிலும் நேரக்கூடியது என்பதால், இதனைச் சற்று விரிவாகக் காண்போம்.

மூன்று வகைப் படிகங்கள்

மூட்டுக்குள்ளும் அதனைச் சூழ்ந்த தசைநாண்களிலும் நுண்ணிய படிகங்கள் தங்கி வலியை உண்டாக்குவது உண்டு. இவற்றுள் முதன்மையானவை மூன்று. முதலாவது, யூரிக் அமில உப்பு. இதனால் வருவதே கௌட். கால் பெருவிரலில் அடிக்கடி தோன்றும் இந்நோய் தோளில் வருவது அரிது. இரண்டாவது, கால்சியம் பைரோபாஸ்பேட். முதுமையில் மூட்டின் குருத்தெலும்பில் படியும் இது, திடீரென வீக்கமும் வலியும் தந்து கௌட் போலவே தோற்றம் காட்டும். ஆகவே இதற்குப் 'போலிக் கௌட்' என்றும் பெயருண்டு. மூன்றாவது, ஹைட்ராக்ஸி அபடைட். எலும்பிலுள்ள சுண்ணாம்புப் பொருளை ஒத்த இது, பெரும்பாலும் தோளின் தசைநாண்களில் படிகிறது. சில முதியவர்களுக்கு மூட்டுக்குள்ளேயே சேர்ந்து தோளைச் சிதைத்தும் விடுகிறது.

இவற்றைப் பிரித்தறியும் வழி நீண்ட காலம் தெளிவாகவில்லை. 1961ஆம் ஆண்டில் அமெரிக்க மருத்துவர்களான டேனியல் மெக்கார்ட்டியும் ஜோசப் ஹாலண்டரும், மூட்டிலிருந்து ஊசியால் எடுத்த நீரை, ஒரே தளத்தில் அலைவுறச் செய்த ஒளியில் நுண்பெருக்கியின் கீழ் ஆராய்ந்தனர். ஊசி போன்ற யூரிக் அமிலப் படிகங்கள் பளிச்செனத் தெரிந்தன. அடுத்த ஆண்டிலேயே, வேறு வடிவுடைய பைரோபாஸ்பேட் படிகங்களையும் மெக்கார்ட்டி குழுவினர் விவரித்தனர். ஹைட்ராக்ஸி அபடைட்டோ தனித்தனியே அவ்வாறு தெரியாத அளவுக்கு மிக நுண்ணியது. மூதாட்டியரின் தோளை அழிக்கும் அதன் கடுமையான வடிவத்தை 1981இல் மெக்கார்ட்டியும் அவருடன் உழைத்தவர்களும் 'மில்வாக்கித் தோள்' என்ற பெயரால் எடுத்துரைத்தனர். மில்வாக்கி என்பது அவர்கள் பணியாற்றிய நகரத்தின் பெயர்.

எண் வந்த வரலாறு

நோய்க்குச் சரியான பெயர் கிடைத்தால் மட்டும் போதுமா? ஊருக்கு ஊர், மொழிக்கு மொழி பெயர் மாறுமே! இக்குறையை நீக்கவே நோய்களுக்கு எண் இடும் முறை தோன்றிற்று. பிரான்சு நாட்டுப் புள்ளியியலார் ஜாக் பெர்த்தியோன் வகுத்த மரணக் காரணப் பட்டியல் 1893இல் சிகாகோவில் ஏற்கப்பட்டது. 1948இல் உலக சுகாதார நிறுவனம் அப்பணியைத் தன் பொறுப்பில் ஏற்று, சாவுக்கான காரணங்களோடு வாழ்வோரின் நோய்களையும் அதில் சேர்த்தது. அதன் பத்தாம் திருத்தம் 1990இல் ஏற்கப்பெற்றது. பதினோராம் திருத்தம் 2022 சனவரி முதல் நடைமுறைக்கு வந்துள்ளது. எனினும் பத்தாம் திருத்தத்தின் எண்களும் மருத்துவமனைகளில் தொடர்ந்து வழங்கி வருகின்றன.

எண்ணைப் படிக்கும் முறை

பத்தாம் திருத்தத்தில் தசை, எலும்பு, மூட்டு நோய்களுக்கு 'எம்' என்னும் எழுத்து உரியது. எம் 10 என்றால் கௌட். எம் 11 என்றால் பிற படிக மூட்டு நோய்கள். புள்ளிக்குப் பின் வரும் முதல் இலக்கம் படிகத்தின் வகையைச் சொல்லும்: எம் 11.0 ஹைட்ராக்ஸி அபடைட் படிவு, எம் 11.2 குருத்தெலும்பில் கால்சியம் படிதல். அதற்கடுத்த இலக்கம் இடத்தைக் காட்டும். தோளுக்குரிய இலக்கம் 1. எனவே, எம் 11.01 என்பது தோள் மூட்டில் ஹைட்ராக்ஸி அபடைட், எம் 11.21 என்பது தோளின் குருத்தெலும்பில் கால்சியம். அமெரிக்கப் பதிப்பு இன்னும் ஓர் இலக்கம் சேர்த்து, வலத்தோளா இடத்தோளா என்பதையும் கூறிவிடுகிறது.

இங்கே கவனிக்க வேண்டிய நுட்பம் ஒன்றுண்டு. அதே சுண்ணாம்பு மூட்டுக்குள் இல்லாமல் தசைநாணில் படிந்திருந்தால் அது எம் 11 அன்று, எம் 75.3 ஆகும். இறுகிப்போன தோளுக்கு எம் 75.0. காரணம் எதுவும் உறுதியாகாத நிலையில் 'தோள் மூட்டு வலி' என்றே எழுதி எம் 25.51 என்று குறிப்பது நேர்மை. தெரியாததைத் தெரிந்ததுபோல் எழுதுவதைவிட வலியை வலி என்று எழுதுவது நன்றன்றோ!

இதனால் யாருக்கு என்ன பயன்?

எண் எழுதுவது எழுத்தர் வேலைதானே என்று நாம் எண்ணலாம். அவ்வாறன்று. எழுத்தர் எண்ணைத் தேடுவது மருத்துவர் எழுதிய சொற்களிலிருந்துதான். 'தோள் வாதம்' என்று மட்டும் இருந்தால் அவர் என்ன செய்வார்? படிகம் எது, இடம் எது, எந்தப் பக்கம் என்பவை சீட்டில் இருந்தால்தான் எண் உண்மை பேசும். அந்த எண்ணே அடுத்த மருத்துவருக்கு வழிகாட்டுகிறது. காப்பீட்டுக் கோரிக்கைப் படிவத்தில் இடம் பெறுகிறது. எத்தனை பேருக்கு எந்நோய் என்று அரசு கணக்கிட உதவுகிறது.

மருந்தும் அதற்கேற்ப மாறுகிறது. யூரிக் அமிலப் படிகங்களைக் காலப்போக்கில் கரைக்கும் மாத்திரை உண்டு. கால்சியம் பைரோபாஸ்பேட்டைக் கரைக்கும் மருந்து இல்லை. மூட்டு நீரை எடுத்தும் அழற்சியைத் தணித்தும் வலியை ஆற்றுகிறார்கள். தசைநாணிலுள்ள சுண்ணாம்போ பலருக்குத் தானே கரைந்துவிடும். அழற்சியைத் தணிக்கும் கால்ச்சிசின் என்னும் மருந்து, நம் மாநில மலராகிய செங்காந்தளிலும் உள்ளது. ஆனால் அதன் கிழங்கு கொடிய நஞ்சு. வீட்டு வைத்தியமாக அதனைத் தொடவே கூடாது.

குடும்பத்தார் செய்யத்தக்கவை

தோள் திடீரென வீங்கிச் சிவந்து, காய்ச்சலும் கண்டால் காலம் தாழ்த்தாதீர்கள். அது மூட்டில் சீழ் பிடித்ததாகவும் இருக்கலாம். இடத்தோள் வலியோடு வியர்வையும் மூச்சுத் திணறலும் நெஞ்சு அழுத்தமும் தோன்றினால் இருதயத்தை எண்ணி உடனே விரையுங்கள். வலி மாத்திரைகளைத் தாமாக மாதக்கணக்கில் உண்ண வேண்டாம். அவை சிறுநீரகத்தையும் குடலையும் புண்படுத்தும். நீரிழிவு உடையவர்கள் அதனை மருத்துவரிடம் முதலிலேயே சொல்லுங்கள். தோள் இறுகிப்போவது அவர்களுக்கு மிகுதி, தோளில் போடும் ஸ்டீராய்டு ஊசியும் சர்க்கரையை உயர்த்தும். ஓ.பி. சீட்டு, எக்ஸ்ரே, விடுப்புச் சீட்டு ஆகியவற்றை ஒரே பையில் பேணுங்கள். "என்ன நோய் என்று எழுதியிருக்கிறீர்கள் ஐயா?" என்று பணிவுடன் கேளுங்கள். அது உங்கள் உரிமை.

நம் மயிலாடும்பாறைத் தாய்க்குத் திரும்புவோம். மகன் அவரைக் கடமலைக்குண்டு வழியாகப் பேருந்தில் அழைத்துச் சென்று, கண்டமனூர் விலக்கில் உள்ள தேனி அரசு மருத்துவக் கல்லூரி மருத்துவமனையில் காட்டுகிறான் என்று கொள்வோம். எக்ஸ்ரேயில் குருத்தெலும்பின் மேல் மெல்லிய வெண்கோடு. மூட்டு நீரில் பைரோபாஸ்பேட் படிகம். பழைய சீட்டில் எம் 10 இருந்த இடத்தில் இப்போது எம் 11.21. தேவையற்ற மாத்திரை நிற்கிறது. பருப்பு மீண்டும் உலையில் ஏறுகிறது. சில வாரங்களில் அவர் தம் கையாலேயே தலைமுடியை அள்ளி முடிகிறார்.

அந்தச் சிறிய எண்ணின் பின்னே ஒரு தாயின் வலி இருக்கிறது. அதனைச் சரியாக எழுதுவது அவ்வலிக்கு நாம் செலுத்தும் முதல் மரியாதை.