உலக்கைக்குத் தப்பிய அடை

கொல்லிமலை என்றதும் 70 கொண்டை ஊசி வளைவு, ஆகாய கங்கை, அறப்பளீஸ்வரர் கோயில், வல்வில் ஓரி என்று வரிசையாகச் சொல்லிவிடுவோம். அங்கே என்ன சாப்பிட்டீர்கள் என்று கேட்டால் பெரும்பாலும் பரோட்டா என்றுதான் பதில் வரும். மலைக்கே உரிய கேழ்வரகு அடையைத் தின்ன, கடைத்தெருவைத் தாண்டி ஒரு வீட்டு அடுப்படி வரை போகவேண்டும்.

கேழ்வரகின் பூர்வீகம் நம் ஊரல்ல. எத்தியோப்பியா, உகாண்டா பக்கத்துக் கிழக்கு ஆப்பிரிக்க மேட்டுநிலத்தில் பயிராகி, சில ஆயிரம் ஆண்டுகளுக்கு முன் இந்தியாவுக்கு வந்த தானியம் அது. வந்த இடத்தில் வேரூன்றி, மண்ணுக்கு ஒரு ரகமாகப் பிரிந்துவிட்டது. கொல்லிமலையில் மட்டும் அரிசிக் கேழ்வரகு, பெருங்கேழ்வரகு, சட்டைக் கேழ்வரகு, சுருட்டைக் கேழ்வரகு என்று பல பெயர்கள். இந்த விதைகளைத் தலைமுறை தலைமுறையாகக் காப்பாற்றி வந்தவர்கள் மலையாளிப் பழங்குடி மக்கள். பெயரைப் பார்த்துக் கேரளத்துக்காரர்கள் என்று நினைக்கவேண்டாம். முன்னோர் காஞ்சிபுரத்திலிருந்து மலையேறி வந்ததாகச் சொல்லும் தமிழர்கள்.

அடைக்கு மாவு பிசைவதில்தான் எல்லாச் சூட்சுமமும். கோதுமையில் இருக்கும் குளூட்டன் கேழ்வரகில் கிடையாது. பச்சைத் தண்ணீரில் பிசைந்து சப்பாத்திக் கட்டையால் தேய்த்தால் ஓரமெல்லாம் விண்டுபோகும். அதனால் கொதிக்கக் கொதிக்க வெந்நீர் ஊற்றிக் கிளறி, கை பொறுக்கும் சூட்டில் பிசைகிறார்கள். சூட்டில் மாவு கொஞ்சம் வெந்து பிசுபிசுப்பு வந்துவிடும். பிறகு வாழையிலையில் எண்ணெய் தடவி, கையாலேயே தட்டிக் கல்லில் போடவேண்டும். முருங்கைக்கீரை, சின்ன வெங்காயம், பச்சை மிளகாய் சேர்த்தால் கார அடை. வெல்லப்பாகும் தேங்காய்த் துருவலும் சேர்த்தால் இனிப்பு அடை. தட்டுவதற்குச் சுலபம் என்று பாதி கோதுமை மாவைக் கலப்பவர்கள் இருக்கிறார்கள். அது வேறு பண்டம். அடைக் கணக்கில் நான் சேர்க்கமாட்டேன்.

சாமையிலும் தினையிலும் அடை உண்டு. பருப்போடும் மிளகாயோடும் ஊறவைத்துக் கரகரப்பாக அரைத்து ஊற்றும் வகை அது. கொல்லிமலையில் ஒருகாலத்தில் சாமைச் சோறே அன்றாட உணவு. அது ஏன் குறைந்தது? ருசி போய்விட்டதாலா? இல்லை. சாமைக்கும் தினைக்கும் பனிவரகுக்கும் உமி உண்டு. அதைப் போக்க உரலில் போட்டுக் குத்தவேண்டும், புடைக்கவேண்டும், மறுபடி குத்தவேண்டும். அந்தப் பாடு முழுக்கப் பெண்கள் தலையில். இதற்கிடையே ரேஷன் அரிசி வந்தது. சேலம், ராசிபுரம், ஆத்தூர் ஜவ்வரிசி ஆலைகளுக்காக மரவள்ளி மலையேறி வந்தது. பிடுங்கி லாரியில் ஏற்றினால் கையில் காசு. உலக்கையைக் கீழே வைத்த பெண்களை யார் குறை சொல்லமுடியும்?

கேழ்வரகு கொஞ்சமாவது தாக்குப்பிடித்ததற்குக் காரணமும் அதே உலக்கைதான். கேழ்வரகுக்குத் தனியாக உமி நீக்கும் வேலை இல்லை. கதிரடித்துத் தூற்றினால் நேரே திருகைக்கோ மாவு மில்லுக்கோ போய்விடலாம். பூச்சியும் எளிதில் அண்டாது. குதிரில் கொட்டி வைத்தால் ஆண்டுக்கணக்கில் இருக்கும். எம்.எஸ். சுவாமிநாதன் ஆராய்ச்சி நிறுவனம் 1990களில் தொடங்கி இங்கே வேலை செய்தபோது, பாரம்பரிய விதைகளைச் சேகரித்ததோடு நிற்காமல், மகளிர் குழுக்கள் நடத்த உமி நீக்கும் இயந்திரங்களையும் கொண்டுவந்தது. மேடையேறிச் சிறுதானியப் பெருமை பேசுவதைவிட அப்படி ஒரு இயந்திரம் பெரிது.

இந்த அடைக்கு உறவுக்காரர்கள் பல ஊரில் உண்டு. கர்நாடகத்தில் ராகி ரொட்டி, மகாராஷ்டிரத்தில் நாச்சணி பாக்ரி, உத்தராகண்ட் மலைகளில் மண்டுவா ரொட்டி. யாழ்ப்பாணத்துக் குரக்கன் ரொட்டியில் தேங்காய்ப்பூ தாராளமாக விழும். பெரும்பாலும் மேட்டு நிலமும் மானாவாரிக் காடும் இருக்கிற இடங்கள். நெல்லுக்குத் தண்ணீர் இல்லாத இடத்தில் இந்தத் தானியம் வயிற்றைப் பார்த்துக்கொண்டது. 100 கிராம் கேழ்வரகில் சுமார் 350 மில்லிகிராம் சுண்ணாம்புச்சத்து. தீட்டிய வெள்ளை அரிசியில் 10 மில்லிகிராம்கூடத் தேறாது.

2023-இல் தமிழக அரசு நீலகிரி, தருமபுரி மாவட்ட ரேஷன் கடைகளில் 2 கிலோ அரிசிக்குப் பதில் 2 கிலோ கேழ்வரகு கொடுக்கத் தொடங்கியது. நல்ல காரியம். கொல்லிமலையில் விளைகிற கேழ்வரகைக் கட்டுபடியாகும் விலைக்கு வாங்கி, கொல்லிமலைக் குடும்ப அட்டைக்கும் சத்துணவுக் கூடத்துக்கும் அரசு கொடுக்கவேண்டும். மலைக்குப் போகிற நீங்களும் மிளகு, பலாப்பழத்தோடு மகளிர் குழுவிடம் 2 கிலோ கேழ்வரகு மாவு கேட்டு வாங்குங்கள்.