பெயர் சொல்லி அழைக்கும் இறைவன்



பிள்ளைகளை இழந்து, ஆறுதல் பெற மறுத்து அழுத இராகேலை மத்தேயு நற்செய்தியின் இரண்டாம் அதிகாரம் நமக்கு நினைவூட்டுகிறது. அதே அழுகுரல் கடந்த நூற்றாண்டில் ஆஸ்திரேலியாவின் பூர்வகுடித் தாய்மாரிடமிருந்தும் எழுந்தது.

நியூ சவுத் வேல்ஸ் மாநிலத்தில் 1915-இல் திருத்தப்பட்ட சட்டம், நீதிமன்றத்துக்குப் போகாமலேயே பூர்வகுடிப் பிள்ளைகளைப் பெற்றோரிடமிருந்து பிரிக்கும் அதிகாரத்தை அரசு வாரியத்துக்குத் தந்தது. மற்ற மாநிலங்களிலும் இத்தகைய சட்டங்கள் இருந்தன. கூட்டமுந்ரா இல்லத்தில் சிறுமிகளை வீட்டுவேலைக்குப் பழக்கினார்கள். 1924 முதல் 1970 வரை இயங்கிய கின்செலா இல்லத்தில் சிறுவர்களுக்குப் பெயர் இல்லை, எண்தான். பெயர் சொல்லி அழைக்கும் இறைவனின் சாயலுக்கு இதைவிட வேறு அவமதிப்பு உண்டா?

1910 முதல் 1970 வரை பூர்வகுடிப் பிள்ளைகளில் பத்தில் ஒருவர் முதல் மூன்றில் ஒருவர் வரை இவ்வாறு பிரிக்கப்பட்டதாக, 1997-இல் வெளியான தேசிய விசாரணை அறிக்கை கணித்தது. இதைச் செய்தவர்களில் பலர், பிள்ளைகளின் நன்மைக்கே செய்வதாக நம்பினார்கள். ஆனால் எது நன்மை என்று அந்தத் தாயிடம் யாரும் கேட்கவில்லை.

வேதனையான இன்னோர் உண்மையும் உண்டு. அப்பிள்ளைகள் அடைக்கப்பட்ட இல்லங்களில் திருச்சபை நடத்தியவையும் இருந்தன. 2001-இல் திருத்தந்தை இரண்டாம் ஜான் பால் ஓசியானியத் திருச்சபைக்கு எழுதிய திருத்தூது அறிவுரை மடல், இக்குற்றத்தில் திருச்சபையின் மக்களுக்கு இருந்த பங்கை ஏற்று மன்னிப்பு வேண்டியது.

பூர்வகுடி மக்கள் அழுதுகொண்டே இருந்துவிடவில்லை. 1938 ஜனவரி 26-ஆம் நாள் சிட்னியில் துக்க நாள் அனுசரித்து உரிமை கேட்டார்கள். அவர்களையும் மக்கள்தொகையில் சேர்த்து எண்ண, 1967 வாக்கெடுப்பில் நூற்றுக்குத் தொண்ணூறு பேர் இசைந்தார்கள். 1992-இல் மாபோ வழக்கில் உயர் நீதிமன்றம் அவர்களின் நில உரிமையை ஏற்றது. 2008 பிப்ரவரி 13 அன்று பிரதமர் கெவின் ரட் நாடாளுமன்றத்தில் மன்னிப்புக் கேட்டார். ஆனாலும் 2023-இல், அவர்களின் குரலுக்கு அரசியலமைப்பில் இடம் தரும் முயற்சி வாக்கெடுப்பில் தோற்றது.

அன்பர்களே, ஒப்புரவு அருட்சாதனம் பாவ அறிக்கையோடு முடிவதில்லை. பரிகாரமும் வேண்டும் என்பது நாம் அறிந்ததே. பாதிக்கப்பட்டவர் சொல்வதைக் கேட்பதே முதல் பரிகாரம். ஏழைகளுக்காக, முதியோருக்காக, குழந்தைகளுக்காக நாம் முடிவெடுக்கும்போது, முதலில் அவர்களைக் கேட்கிறோமா? இந்த வாரம் இக்கேள்வியோடு இறைவன் திருமுன் அமர்வோம். ஆமென்.