மணமும் நாற்றமும்

எதிரியைத் துர்நாற்றத்தால் விரட்டும் ஸ்கங்க், அமெரிக்கக் கண்டங்களில் வாழும் விலங்கு. அதன் குடும்பத்தைச் சேர்ந்த 'தெலெடு' போர்னியோ தீவில் உண்டு. ஜொகூரில் இவ்விரண்டும் இல்லை. எனினும், நாற்றத்தால் தன்னைக் காத்துக்கொள்ளும் வேறொரு விலங்கு இங்குண்டு. அதுவே மரநாய். மலாய் மொழியில் அதனை 'மூசாங்' என்பர். அதன் உடலில் பாண்டான் இலையின் மணம் வீசுவதால் 'மூசாங் பாண்டான்' என்றும் அழைப்பர். ஆனால், ஆபத்து நேர்ந்தால் வாலடிச் சுரப்பிகளிலிருந்து கடும் நாற்றத்தை வெளியிடும்.

மரநாய் காட்டிலும் செம்பனைத் தோட்டத்திலும் வாழும். சில வேளைகளில் வீட்டுக் கூரையினுள்ளும் தங்கும். இரவில் பழம், எலி, பூச்சி ஆகியவற்றைத் தேடி உண்ணும். அது உண்ட பழங்களின் விதைகள் எச்சத்தின்வழி பரவி, வேறிடங்களில் முளைக்கின்றன.

கூரையில் மரநாய் புகுந்தால் அதனை அடித்துத் துன்புறுத்தக்கூடாது. 2010ஆம் ஆண்டு வனவிலங்குப் பாதுகாப்புச் சட்டம் அதற்குப் பாதுகாப்பளிக்கிறது. குட்டிகள் இல்லை என்பதை உறுதிசெய்தபின், அது இரை தேடச் சென்றிருக்கும் இரவு வேளையில் கூரை இடுக்குகளை அடைக்கலாம். கூரையைத் தொடும் கிளைகளை வெட்டுவதும் குப்பைத்தொட்டியை மூடிவைப்பதும் நன்று. குட்டிகள் இருந்தால் வனவிலங்குத் துறையான பெர்ஹிலித்தானின் உதவியை நாடவேண்டும்.