ஹாரி செல்டனின் கணக்கும் நம் வகுப்பறையும்

பல ஆண்டுகள் ஒரே பள்ளியில் பணியாற்றிய ஆசிரியரிடம், "இந்த ஆண்டு பத்தாம் வகுப்பில் எத்தனை பேர் கணிதத்தில் தேர்ச்சி பெறுவார்கள்?" என்று கேட்டால் ஏறக்குறையச் சரியாகச் சொல்லிவிடுவார். "மூன்றாம் வரிசையில் இருக்கும் அந்த மாணவி எவ்வளவு மதிப்பெண் எடுப்பாள்?" என்று கேட்டால் அவரே சற்றுத் தயங்குவார். கூட்டத்தைக் கணிப்பது வேறு, தனிநபரைக் கணிப்பது வேறு. இந்த வேறுபாட்டை அடிப்படையாகக் கொண்டு ஒரு கற்பனை அறிவியலையே படைத்தவர் ஐசக் அசிமோவ்.

கதையில் வரும் விதி

அசிமோவ் வேதியியல் பயின்றவர்; பாஸ்டன் பல்கலைக்கழகத்தில் உயிர்வேதியியல் கற்பித்தவர். 1942இல் இதழில் வெளிவரத் தொடங்கிய அவருடைய 'ஃபவுண்டேஷன்' கதைகள் 1951 முதல் 1953 வரை மூன்று நூல்களாக வந்தன. கதை நடப்பது மிகத் தொலைவான எதிர்காலத்தில். ஏறத்தாழ இரண்டரைக் கோடி கோள்களில் மனிதர்கள் வாழ்கிறார்கள். டிராண்டர் என்னும் தலைமைக் கோளிலிருந்து ஒரு பேரரசு அவற்றை ஆள்கிறது. அந்தப் பேரரசு வீழும், அதன்பின் 30,000 ஆண்டுகள் இருண்ட காலம் நிலவும் என்று ஹாரி செல்டன் என்னும் கணித அறிஞர் கணக்கிடுகிறார். முறையாகத் திட்டமிட்டால் அதை 1,000 ஆண்டுகளாகக் குறைக்கலாம் என்றும் கூறுகிறார்.

அவர் பயன்படுத்தும் அறிவியலைத் தமிழில் 'உளவரலாற்றியல்' எனலாம். அதற்கு இரண்டு நிபந்தனைகள் உண்டு. ஒன்று, கணிக்கப்படும் மக்கள்தொகை மிகப் பெரியதாக இருக்க வேண்டும். இரண்டு, கணிப்பின் முடிவு அம்மக்களுக்குத் தெரியக்கூடாது.

வாயுவிலிருந்து வந்த கருத்து

முதல் நிபந்தனையின் வேர் உண்மையான அறிவியலில் உள்ளது. மேல்நிலை வகுப்பில் நாம் கற்பிக்கும் வாயுக்களின் இயக்கவியற் கொள்கைதான் அது. சைக்கிள் டியூபுக்குள் இருக்கும் ஒரு மூலக்கூறு அடுத்த நொடி எங்கே போகும் என்று சொல்ல முடியாது. ஆனால் எண்ணற்ற மூலக்கூறுகள் சேர்ந்து தரும் அழுத்தத்தைத் துல்லியமாகச் சொல்லலாம்.

இதை நாணயத்தைக் கொண்டே வகுப்பில் காட்டலாம். 40 மாணவர்கள் ஆளுக்குப் பத்து முறை நாணயத்தைச் சுண்டி, நேர்க்கோட்டுக் குறிகளால் குறித்துக்கொள்ளட்டும். தொடக்க வகுப்பில் எண்ணிப் பதிவு செய்வதோடு நிறுத்திக்கொள்ளலாம். ஒன்பது, பத்தாம் வகுப்புகளில் நிகழ்தகவோடு இணைக்கலாம். ஏறத்தாழ மூன்றில் ஒரு பங்கு மாணவர்களுக்குத் தலை மூன்று அல்லது அதற்கும் குறைவாகவோ, ஏழு அல்லது அதற்கும் அதிகமாகவோ விழுந்திருக்கும். ஆனால் 400 சுண்டல்களையும் கூட்டினால், தலைகளின் எண்ணிக்கை பெரும்பாலும் 180க்கும் 220க்கும் இடையில் அடங்கிவிடும். இதே சோதனையை நூறு வகுப்புகளில் செய்தால், சுமார் 95 வகுப்புகளில் இப்படியே அமையும். "வகுப்பின் கூட்டுத்தொகையை முன்பே சொல்லிவிட்டேன். உனக்கு எத்தனை தலை விழும் என்று ஏன் சொல்ல முடியவில்லை?" என்று கேளுங்கள். வகுப்பில் நல்ல விவாதம் எழும்.

மூலக்கூறு கணிப்பைக் கேட்பதில்லை

வாயுவையும் மனிதரையும் ஒப்பிடுவதற்கு ஓர் எல்லை உண்டு. தன்னைப் பற்றி என்ன கணித்திருக்கிறார்கள் என்பது மூலக்கூறுக்குத் தெரியாது. மனிதருக்குத் தெரிந்தால் அவர் நடத்தை மாறும், கணிப்பும் பொய்யாகலாம். அதனால்தான் அசிமோவ் இரண்டாம் நிபந்தனையை வைத்தார்.

கணிப்பு அதை அறிந்தவரின் நடத்தையை மாற்றி, தன்னைத் தானே மெய்யாக்கிக்கொள்வதும் உண்டு. ராபர்ட் ரோசென்தால், லெனோர் ஜேக்கப்சன் இருவரும் 1968இல் வெளியிட்ட அமெரிக்கத் தொடக்கப்பள்ளி ஆய்வு நம்மோடு நேரடியாகத் தொடர்புடையது. இவ்வாண்டு அறிவாற்றலில் விரைந்து வளரக்கூடியவர்கள் என்று சில மாணவர்களின் பெயர்கள் ஆசிரியர்களிடம் தரப்பட்டன. உண்மையில் அப்பெயர்கள் குலுக்கல்போலத் தேர்ந்தெடுக்கப்பட்டவை. ஆண்டிறுதியில், குறிப்பாக முதலிரு வகுப்புகளில், அக்குழந்தைகள் மற்றவர்களைவிட அதிக முன்னேற்றம் காட்டினர். இந்த விளைவு எவ்வளவு பெரியது என்பதில் பின்னர் விவாதங்கள் எழுந்தன. என்றாலும், ஆசிரியரின் எதிர்பார்ப்பு குழந்தையைத் தொடாமல் போவதில்லை என்பதை அந்த ஆய்வு ஆசிரியர் உலகின் கவனத்துக்குக் கொண்டுவந்தது.

கணக்கில் வராத ஒருவன்

செல்டனின் திட்டம் முதலில் தடம் புரள்வது 'மியூல்' என்னும் ஒருவனால். பிறர் உணர்வுகளை மாற்றும் ஆற்றலோடு பிறந்தவன் அவன். அப்படி ஒருவன் தோன்றுவான் என்பதைக் கூட்டத்தை மட்டுமே அறிந்த சமன்பாடு சொல்லவில்லை. தான் உருவாக்கிய விதி எங்கே தோற்கும் என்பதையும் அசிமோவ் கதைக்குள்ளேயே காட்டிவிட்டார். ஒரு விதியைக் கற்பிக்கும்போது அதன் எல்லையையும் சேர்த்துக் கற்பிக்க வேண்டும் என்பதற்கு இது நல்ல எடுத்துக்காட்டு.

அடைவுத் தேர்வின் பகுப்பாய்வுத் தாள் நம் கைக்கு வரும்போது இதை நினைவில் கொள்ளலாம். வகுப்பில் பாதிப் பேருக்குப் பின்னக் கூட்டல் வரவில்லை என்று தாள் சொன்னால், அந்தப் பாடத்தை மீண்டும் நடத்த வேண்டும். அந்தச் செய்தியை முழுமையாக நம்பலாம். அதே தாளை வைத்து, "மெல்லக் கற்போர் பட்டியலில் இருப்பவன்தானே, இவனுக்கு இவ்வளவுதான் வரும்" என்று ஒரு மாணவனைப் பற்றி முடிவு கட்டினால், கூட்டத்துக்கான விதியைத் தனியொருவன் மீது சுமத்துகிறோம். அவன் கேட்கும்படி அதைச் சொன்னால் இரண்டாம் நிபந்தனையையும் மீறுகிறோம். அவனுக்கு எது வரும், எது வராது என்பதை அறிய அவனுடைய நோட்டைத் திறந்து, எந்த வரியில் தவறுகிறான் என்று அருகில் அமர்ந்து பார்க்க வேண்டும்.