சட்டியில மிஞ்சினது போதுமா?

விடியக்காலை கம்பத்திலயும் போடியிலயும் ஜீப் ஏறி ஏலத்தோட்டத்துக்குப் போறோம். திராட்சைப் பந்தலுக்குக் கீழே நாள் முழுக்கக் கையைத் தூக்கியே நிக்கிறோம். வீட்டுக்கு வந்து சமைச்சு, எல்லாரும் சாப்பிட்ட பிறகு மிஞ்சினதுதான் நமக்கு. அது போதுமா?

விறகு எரிஞ்சா சூடு வர்ற மாதிரி, சாப்பாடும் உடம்புக்குச் சக்தி தருகிறது. அதை அளப்பது கலோரிக் கணக்கில். ஒரு லிட்டர் தண்ணீரை ஒரு டிகிரி சூடாக்கினால் ஒரு கிலோ கலோரி. 100 கிராம் அரிசியில் சுமார் 350 இருக்கிறது.

1937-லேயே குன்னூர் ஆய்வுக்கூடத்திலிருந்து அய்க்ராய்டு என்பவர் நம்ம நாட்டு உணவுகளின் சத்துப் பட்டியலை வெளியிட்டார். அந்தக் கூடம்தான் பிறகு ஹைதராபாத்துக்குப் போய் தேசிய ஊட்டச்சத்து நிறுவனம் ஆனது. 2020-ல் அவர்கள் சொன்ன கணக்கைக் கேளுங்க. 55 கிலோ எடையுள்ள பெண் நடுத்தரமா உழைச்சா நாளுக்கு 2130 கிலோ கலோரி வேணும், கடுமையா உழைச்சா 2720. உட்கார்ந்து வேலை பார்க்கிற 65 கிலோ ஆம்பளைக்கோ 2110 தான்! பால் கொடுக்கிற தாய்க்கு முதல் ஆறு மாசம் இன்னும் 600 கூட வேணும்.

இரும்புச்சத்தும் அப்படித்தான். ஆணுக்கு 19 மில்லிகிராம், நமக்கு 29. வெறும் சோறு வயித்தை நிரப்பும், இரும்பு அதில் சொற்பம். கம்பு, கீரை, பயறு சேரணும்.

இன்னைக்கு ராத்திரி பருப்பு யார் தட்டில் எவ்வளவு விழுதுன்னு பார்த்து வையுங்க. அடுத்த கூட்டத்தில் பேசுவோம்.